மூன்றாம் நாள் காபி

கேள்வி: ஏதோ ஒரு தீவில் இரண்டு வருடம் விருந்தாளியாகத் தங்கிவிட்டு வந்து, ‘இதுதான் இவர்கள் பண்பாடு’ என்று வெள்ளைக்கார மானுடவியலாளர்கள் புத்தகம் போடுகிறார்கள். நாமும் அதை வேதம்போல எடுத்துக்காட்டுகிறோம். இந்த ஆய்வுகளில், சொந்த விருப்புவெறுப்பு கலக்காத புறநிலை என்று ஒன்று உண்டா?
- ஒரு வாசகர், மன்னார்குடி

பதில்: விருந்தாளி என்றா சொன்னீர்கள்? இரண்டு வருடம் தங்குகிறவனை எந்த ஊரில் விருந்தாளி என்பார்கள்? ‘விருந்தும் மருந்தும் மூன்று நாள்’ என்று கறாராகச் சொல்லிவிட்ட ஊர் நம்முடையது. எங்கள் வீட்டில் இதற்கு ஒரு டம்ளர் கணக்கே இருந்தது. ஒன்றுவிட்ட சித்தப்பா ஒருவர் வருவார். வந்த அன்று வெள்ளி டம்ளரில் காபி, நுரை தளும்பத் தளும்ப. மறுநாள் எவர்சில்வர், நுரை இருக்கும், பாலில் தண்ணீரும் இருக்கும். மூன்றாம் நாள் அடுக்களையிலிருந்து குரல் மட்டும் வரும்: “ஃபில்டர்ல டிகாஷன் இருக்கு, பாலைச் சுட வெச்சுக்கோங்க.” நான்காம் நாள் அவர் எதிரிலேயே அப்பாவுக்கும் அம்மாவுக்கும் சண்டை நடக்கும். மளிகைக்கடை பாக்கி, அத்தைக்குச் செய்த சீர், செய்யாத சீர் எல்லாம் கூடத்துக்கு வந்துவிடும். சித்தப்பா பேப்பரை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு ஒரு வார்த்தை விடாமல் கேட்டுக்கொண்டிருப்பார். அரைமணி நேரமாகப் பக்கம் புரளாது.

மன்னார்குடியாரே, மானுடவியல் அந்த நான்காம் நாளில்தான் தொடங்குகிறது.

மாலினோவ்ஸ்கியை எடுத்துக்கொள்ளுங்கள். போலந்துக்காரர். 1915க்கும் 1918க்கும் இடையில் இரண்டு தவணையாக, நியூகினிக்குக் கிழக்கே உள்ள ட்ரோப்ரியாண்ட் தீவுகளில் கிடந்தவர். அவருக்கு முன்னால் பலரும் துரை பங்களாவின் வராந்தாவில் நாற்காலியைப் போட்டு, ஆளை வரவழைத்து, துபாஷியை வைத்துக் கேட்டு எழுதிக்கொண்டு போனார்கள். இவர் ஓமரகானா கிராமத்துக்குள்ளேயே கூடாரம் அடித்தார். அவர்கள் மொழியைக் கற்றுக்கொண்டார். 1922இல் வந்த புத்தகத்தில் அவரே ஒப்புக்கொள்கிறார்: ஊர்க்காரர்கள் தன்னைத் தவிர்க்கமுடியாத ஒரு தொல்லையாக எடுத்துக்கொண்டுவிட்டார்கள், அவ்வப்போது கொடுத்த புகையிலைதான் அந்தத் தொல்லையைக் கொஞ்சம் தணித்ததாம். விருந்தாளி எழுதுகிற வாக்கியமா இது? அசல் ஒன்றுவிட்ட சித்தப்பா.

அவர் 1942இல் இறந்தார். 1967இல் அவருடைய அந்தரங்க நாட்குறிப்பு அச்சில் வந்ததும் பேராசிரியர்களுக்கெல்லாம் தூக்கிவாரிப் போட்டது. தீவுக்காரர்கள்மீது வசை, உடம்பைப் பற்றிய கவலை, ஊர் ஞாபகம், பொழுதுக்கும் நாவல் படித்தே கெட்டேன் என்ற புலம்பல். வசைகளில் சில, எந்தக் காலத்தைக் காரணம் காட்டினாலும் மன்னிக்க முடியாதவை. ஆனால் நாவல் படிப்பதை ஒரு மனிதன் சாராயம் குடித்ததுபோல ஒப்புக்கொள்ளலாமா? பத்திரிகையில் தொடர்கதை போட்டுப் பிழைக்கிற எனக்கு அதுதான் அதிகம் வலித்தது.

புகையிலையும் எல்லா இடத்திலும் செல்லுபடியாகவில்லை. 1930இல் எவன்ஸ்-பிரிச்சர்ட் என்ற ஆங்கிலேய மானுடவியலாளர் தெற்கு சூடானில் நூயர் மக்களிடம் போனார். அனுப்பி வைத்ததே அப்போது அங்கே ஆண்ட வெள்ளைக்கார அரசாங்கம். அவர்கள்மீது படையெடுத்து அதிக நாள் ஆகாத அதே அரசாங்கம். ஒருவரிடம் உங்கள் குலத்தின் பெயர் என்ன என்று கேட்டால், ‘அதைத் தெரிந்து என்ன செய்யப்போகிறாய்? உன் ஊருக்கு எடுத்துக்கொண்டு போகப்போகிறாயா?’ என்று பதில் கேள்வி வருகிறது. கணக்கெடுக்க வந்தவரை எங்கள் பாட்டி திண்ணையைத் தாண்ட விடாமல் கேட்டதும் கிட்டத்தட்ட இதையேதான். புகையிலையை வாங்கிக்கொண்டு பதிலைத் தராத அந்த சாமர்த்தியத்தை எவன்ஸ்-பிரிச்சர்டே தன் புத்தகத்தின் முன்னுரையில் எழுதி, தன்னையே கிண்டல் செய்துகொள்கிறார். இந்தத் துறையில் நான் படித்தவற்றில் எனக்குப் பிடித்த பக்கங்கள் அவை.

அப்புறம் அந்தப் புறநிலை. எனக்குத் தெரிந்த புறம் கொல்லைப்புறம்தான். மாலினோவ்ஸ்கி கோட்டைவிட்டதும் அங்கேதான். ஆண்கள் கடல் தாண்டிப் போய்ச் சங்கு வளையும் சிவப்புச் சிப்பி மாலையும் மாற்றிக்கொள்வதைப் பக்கம் பக்கமாக எழுதினார். பெண்கள் வாழை இலையைக் கீறி, சுரண்டி, வெயிலில் உலர்த்தி, சருகைக் கட்டுக் கட்டாகக் கட்டி வைத்தார்களே, அதை அவர் பொருட்படுத்தவில்லை. 1971இல் அதே தீவுக்கு அன்னெட் வெய்னர் என்ற அமெரிக்கப் பெண் மானுடவியலாளர் போனார். ஒரு சாவுக்காகப் பெண்கள் கூடி அந்தச் சருகுக்கட்டுகளையும் நார்ப்பாவாடைகளையும் பங்கு போட்டார்கள். அந்தக் கட்டுகள்தான் பெண்கள் கையில் இருக்கிற சொத்து. அவற்றைச் சேர்த்துக்கொடுக்கப் புருஷன்மார்கள் கையிலிருப்பதையெல்லாம் செலவழிக்கிறார்கள். அந்த ஊரில் குடியேறிய முதல் நாளே பெண்கள் அவரைக் கூட்டிக்கொண்டு போய் இதைக் காட்டினார்கள்.

முதல் நாளே! என் டம்ளர் கணக்கு இங்கே உதைக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். சித்தப்பாவுக்கு நான்கு நாள் ஆனது, சித்திக்கு அரைநாள் போதும் என்று வேண்டுமானால் திருத்திக்கொள்ளலாம். வந்ததும் நேரே அடுக்களைக்குப் போய் அரிவாள்மணையை இழுத்துப் போட்டுக்கொள்கிறவள் அவள்தானே.

நான்கு நாள் என்றதும் ஞாபகம் வருகிறது. பயணக்கட்டுரைகளை இந்தப் பக்கத்தில் விடாமல் வம்புக்கு இழுக்கிறேன் என்று ஓர் எழுத்தாளர் என்னோடு பேச்சையே நிறுத்திவிட்டார். அதனால் உங்களோடு மெதுவாகவே சொல்கிறேன். கேள்வியோடு நீங்கள் இணைத்திருந்த தாய்லாந்து பயணக்கட்டுரை கிடைத்தது. பாங்காக், பட்டாயா, நான்கு பகல், மூன்று இரவு. இரண்டாம் பக்கத்தில் ‘தாய்லாந்து மக்கள் இயல்பிலேயே வெகுளிகள்’ என்று எழுதியிருக்கிறீர்கள். ஹோட்டல் ரிசப்ஷனிலும் வேனிலும் தவிர நீங்கள் யாரோடும் பேசியதாகக் கட்டுரையில் இல்லை. திருப்பி அனுப்பியிருக்கிறேன். தபால்தலை வைக்க மறந்திருந்தீர்கள். என் செலவில் ஒட்டிவிட்டேன்.