மூன்று வட்டிக் கடனில் ஓடும் கால்பந்துப் பயிற்சி

கேள்வி: என் மகனுக்கு 15 வயது. பத்தாம் வகுப்பு படிக்கிறான். இரண்டு ஆண்டுகளாகக் கோயம்புத்தூர் பக்கம் ஒரு தனியார் கால்பந்து அகாடமியில் தங்கிப் பயிற்சி பெறுகிறான். ஆண்டுக் கட்டணம் 1.8 லட்சம், பூட்ஸ், பயணம் என்று இன்னும் 30,000 ஆகிறது. கணவர் ராமேஸ்வரத்தில் விசைப்படகில் பங்குக்குப் போகிறார். தொழில் நடக்கும் மாதங்களில் சராசரியாக 18,000 வரும். நான் மண்டபம் பக்கம் நண்டு கம்பெனியில் மாதம் 7,000 சம்பாதிக்கிறேன். அகாடமிக் கட்டணத்துக்காக 8 பவுனை வங்கியில் வைத்து 2.6 லட்சம் வாங்கியிருக்கிறோம். சென்னையில் இருக்கும் என் கொழுந்தனார், தனக்குக் கால்பந்து ஏஜெண்டுகளைத் தெரியும் என்கிறார். அவர் கேட்டபடி கோவா ட்ரயல்ஸுக்கு 40,000, பெங்களூருக்கு 35,000, ஏஜெண்டிடம் பதிவு செய்ய 50,000, வீடியோ எடுக்க 25,000 என்று நான்கு முறை மூன்று வட்டிக்கு வாங்கிக் கொடுத்தோம். இப்போது ஸ்பெயினில் ஒரு கிளப் பையனைப் பார்க்க விரும்புகிறது, 3.5 லட்சம் உடனே வேண்டும் என்கிறார். மிச்சமிருக்கும் 5 பவுனை விற்கலாமா, அல்லது மறுபடியும் வட்டிக்கு வாங்கலாமா? அவருடைய நண்பர் ஒருவர், பையன் பெயரில் மாதம் 5,000 கட்டும், காப்பீடும் சந்தை முதலீடும் சேர்ந்த யூலிப் திட்டம் ஒன்றையும் சொல்கிறார். எட்டாம் வகுப்பில் ஒரு மகளும் இருக்கிறாள். இரவில் தூக்கம் வருவதில்லை.
– வாசகி, தங்கச்சிமடம்

பதில்: விற்கவும் வேண்டாம், வட்டிக்கு வாங்கவும் வேண்டாம், சகோதரி. ஸ்பெயினுக்கு ஒரு ரூபாய்கூடக் கொடுக்க வேண்டாம். காரணத்தைச் சொல்வதற்கு முன், உங்கள் கடிதத்தில் நீங்களே எழுதியும் கவனிக்காமல் விட்ட ஒன்றைக் காட்டுகிறேன். உங்கள் மூன்று வட்டிக் கடன் மொத்தம் 1.5 லட்சம். அதில் ஒரு ரூபாய்கூட அகாடமிக்குப் போகவில்லை, சாப்பாட்டுக்கும் போகவில்லை, மகளின் படிப்புக்கும் போகவில்லை. நான்கு தடவையும் கொழுந்தனாரிடமிருந்து அழைப்பு வந்தது, உடனே நீங்கள் வட்டிக்காரரிடம் போனீர்கள். கால்பந்துப் பயிற்சிக்கு ஆகும் செலவு ஒரு குடும்பத்தை நெருக்கும் என்பது உண்மைதான். ஆனால் உங்கள் குடும்பத்தை மூழ்கடிப்பது, அழைப்பு வந்த அன்றே கடன் வாங்கும் இந்தப் பழக்கம்தான்.

கணக்கைத் தோராயமாகப் போட்டுப் பார்ப்போம். கணவரின் வருமானம், மீன்பிடித் தடைக்காலம் போகப் பத்து மாதத்துக்கு 1.8 லட்சம். உங்கள் சம்பளம் ஆண்டுக்கு 84,000. தடைக்கால நிவாரணம் 8,000. எல்லாம் சேர்த்தால் 2.72 லட்சம். படகு பிடிபடுவதாலும் வேலைநிறுத்தத்தாலும் கடலுக்குப் போகாத நாட்களை நான் கழிக்கவேயில்லை. செலவில், வீட்டுக்கு மாதம் 10,000 என்று வைத்தால் 1.2 லட்சம், அகாடமிக்கும் அதைச் சார்ந்தவற்றுக்கும் 2.1 லட்சம், நகைக்கடன் வட்டி ஏறக்குறைய 25,000, மூன்று வட்டிக் கடனுக்கு மாதம் 4,500 வீதம் 54,000. ஆக 4.09 லட்சம். ஆண்டுதோறும் 1.37 லட்சம் பற்றாக்குறை. இதுவரை இந்தப் பற்றாக்குறையை உங்கள் 8 பவுன் தாங்கியது. இனிமேல் தாங்குவதற்கு 5 பவுன்தான் இருக்கிறது.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகள் கடலுக்குப் போவதில்லை. அந்த இரண்டு மாதத்துக்கு அரசு தரும் 8,000 ரூபாயையும் தாண்டி, வட்டிக்காரருக்கு மட்டும் நீங்கள் 9,000 கொடுக்க வேண்டியிருக்கிறது. வீட்டில் அடுப்பெரிய வந்த பணம் வீட்டுக்கு வராமலே போய்விடுகிறது. இதன் மேல் ஸ்பெயினுக்கான 3.5 லட்சத்தையும் அதே வட்டிக்கு வாங்கினால் கடன் 5 லட்சம் ஆகும். வட்டி மட்டும் மாதம் 15,000. நல்ல மாதத்தில் கணவர் கடலிலிருந்து கொண்டு வருவதே 18,000தான்.

இனி ஸ்பெயினைப் பற்றி. உலகக் கால்பந்துச் சம்மேளனமான ஃபிஃபாவின் விதிப்படி, 18 வயது நிறையாத வீரரை ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டின் கிளப்புக்குப் பதிவு மாற்ற முடியாது. பெற்றோர் கால்பந்துக்குத் தொடர்பில்லாத காரணத்தால் அந்த நாட்டுக்குக் குடிபெயர்வது, எல்லையோர ஊர்களில் வசிப்பது போன்ற சில விலக்குகள் உண்டு. தங்கச்சிமடத்தில் வாழும் உங்களுக்கு அவற்றில் எதுவும் பொருந்தாது. இந்த விதி ஏட்டில் மட்டும் இருப்பதன்று. இதை மீறியதற்காக 2014-இல் பார்சிலோனாவுக்கும், 2016-இல் ரியல் மாட்ரிட், அட்லெட்டிகோ மாட்ரிட் கிளப்களுக்கும் புதிய வீரர்களைப் பதிவு செய்யத் தடை விதிக்கப்பட்டது. அவ்வளவு பெரிய கிளப்களே தண்டனை பெற்ற நாட்டில், 15 வயதுப் பையன் எவ்வளவு நன்றாக ஆடிக் காட்டினாலும் இன்னும் மூன்று ஆண்டுகளுக்கு அவனைப் பதிவு செய்ய வழியில்லை. அந்த 3.5 லட்சம் விமானச் சீட்டாகவும் விடுதி வாடகையாகவும் யாரோ ஒருவரின் கமிஷனாகவும் மாறும், ஒப்பந்தமாக மாறாது.

ஏஜெண்டிடம் பதிவு செய்ய 50,000 கொடுத்ததும் எனக்குக் கவலையளிக்கிறது. வீரர்களுக்கான முகவர் ஃபிஃபாவின் உரிமம் பெற்றிருக்க வேண்டும். உரிமம் பெற்றவர்களின் பெயர்களை ஃபிஃபாவின் இணையதளத்திலேயே தேடிப் பார்க்கலாம். அவருடைய வருமானம் வீரரின் சம்பளத்தில் ஒரு சிறு சதவீதம். வீரருக்குச் சம்பளம் வந்தால்தான் அவருக்கும் வரும்படி. வயது நிறையாத பையனை அணுகவே பெற்றோரின் எழுத்துபூர்வமான சம்மதம் வேண்டும். நீங்கள் எதிலாவது கையெழுத்துப் போட்டீர்களா? உங்கள் கடிதத்தில் அப்படி எதுவும் இல்லை. முன்பணம் வாங்கிக்கொண்டு ரசீது தராதவரை முகவர் என்று அழைக்க நான் தயாராக இல்லை.

கொழுந்தனார் உங்களை ஏமாற்றுகிறார் என்று நான் சொல்லவில்லை. அண்ணன் மகன் மேல் உள்ள ஆசையில் அவரே யாரிடமாவது ஏமாந்துகொண்டிருக்கலாம். ஆகையால் சண்டை போட வேண்டாம். ஆனால் பேச வேண்டியவர் நீங்களல்ல, உங்கள் கணவர். அண்ணன் தம்பிக்குள் பேசி முடிக்க வேண்டிய பேச்சு இது. எந்த கிளப் அழைத்தாலும் அதன் கடிதம் பையன் பதிவாகியிருக்கும் அகாடமிக்கு வர வேண்டும், முகவரின் உரிம எண் வேண்டும், ஏற்கெனவே கொடுத்த 50,000-க்கு ரசீது வேண்டும் என்று கணவர் கேட்கட்டும். இவை கைக்கு வராத வரையில் பணத்தைப் பற்றிய பேச்சே கூடாது. வந்தாலும் கடன் வாங்கிக் கொடுப்பதில்லை என்பதில் நீங்கள் இருவரும் உறுதியாக இருங்கள்.

பையன் பெரிய கிளப்புக்குப் போனால், வீரரை வாங்கும் கிளப் விற்கும் கிளப்புக்குத் தரும் மாற்றுத்தொகையில் லட்சக்கணக்கில் கிடைக்கும், அதில் எல்லாக் கடனும் அடைந்துவிடும் என்ற பேச்சு அகாடமிகளைச் சுற்றி எப்போதும் உண்டு. ஃபிஃபா விதிப்படி மாற்றுத்தொகையில் 5 சதவீதம் ஒதுக்கப்படுவது உண்மைதான். ஆனால் அது 12 வயது முதல் 23 வயது வரை பயிற்சியளித்த கிளப்களுக்குப் போகிறது, பெற்றோருக்கு அல்ல. வீரருக்கு உரியது அவருடைய ஒப்பந்தச் சம்பளம். 18 வயதுக்குக் கீழ் அந்த ஒப்பந்தமும் மூன்று ஆண்டுக்கு மேல் நீளக் கூடாது. இடங்களோ மிகக் குறைவு. 2024-25 பருவத்தில், நாட்டின் முதன்மைக் கால்பந்துத் தொடரான ஐ.எஸ்.எல்.-இல் அணிகள் 13, அணிக்கு முப்பது பேர் என்றாலும் நாடு முழுவதற்கும் 400 இடம்கூட இல்லை, அதிலும் வெளிநாட்டு வீரர்கள் உண்டு. அடுத்த பருவம் வணிக உரிமை ஒப்பந்தக் குழப்பத்தால் வழக்கமான நேரத்தில் தொடங்கவேயில்லை; சில கிளப்கள் முதல் அணி வீரர்களின் சம்பளத்தையே நிறுத்தி வைத்தன. இடம் கிடைத்த பிறகும் உடல் ஒத்துழைக்க வேண்டும். கன்னியாகுமரி மாவட்டக் கடற்கரையிலிருந்து வந்து, சென்னை சிட்டி, ஜாம்ஷெட்பூர், ஏ.டி.கே. கிளப்கள் என்று உயர்ந்த வீரர் மைக்கேல் சூசைராஜ், 2020 நவம்பரில் பருவத்தின் முதல் ஆட்டத்திலேயே காயமடைந்து வெளியேற நேர்ந்தது. பையனின் ஊக்கத்தைக் குறைப்பதற்காக இதையெல்லாம் எழுதவில்லை. அவன் ஆடட்டும், மனம் நிறைய ஆடட்டும். ஆனால் அவனுக்கு வரப்போகும் சம்பளத்தை நம்பி இன்றைக்குக் கடன் வாங்கினால், பதினெட்டு வயதில் அவன் கையெழுத்திடும் முதல் ஒப்பந்தத்தைக் கடன்காரர்தான் தீர்மானிப்பார். நல்ல பயிற்சி தரும் கிளப்பை விட்டு, முன்பணம் தரும் கிளப்புக்கு அவன் போக வேண்டியிருக்கும்.

அப்படியானால் அடுத்து எங்கே? பத்தாம் வகுப்பு முடியும் இந்த நேரம் உங்களுக்குச் சாதகமானது. தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் விளையாட்டு விடுதிகளில் ஏழு, எட்டு, ஒன்பது, பதினொன்றாம் வகுப்புகளில்தான் மாணவர்களைச் சேர்க்கிறார்கள்; உணவும் தங்குமிடமும் பயிற்சியும் இலவசம். தேர்வு கோடையில் நடக்கும். ராமநாதபுரம் சீதக்காதி சேதுபதி விளையாட்டரங்கத்துக்குப் போய் மாவட்ட விளையாட்டு அலுவலரிடம் இப்போதே கேட்டு வையுங்கள். ஜாம்ஷெட்பூரில் 1987 முதல் இயங்கும் டாடா கால்பந்து அகாடமியும், நவி மும்பையில் உள்ள ரிலையன்ஸ் அறக்கட்டளையின் அகாடமியும் தாங்கள் தேர்ந்தெடுத்த பையன்களிடம் கட்டணம் வாங்குவதில்லை. திறமையை உண்மையில் விரும்புகிறவர்கள் அதற்குத் தாங்களே செலவழிக்கிறார்கள் என்பதை மனதில் வையுங்கள். இப்போதைய அகாடமியிடம், அகில இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பில் பையன் எந்தப் பெயரில், எந்த கிளப்பில் பதிவாகியிருக்கிறான் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். வேறிடம் போகும்போது அது தேவைப்படும். மாவட்ட, மாநில அளவில் ஆடிய சான்றிதழ்களை ஒன்று விடாமல் சேர்த்து வையுங்கள். கல்லூரியில் விளையாட்டு ஒதுக்கீட்டு இடத்துக்கும், தமிழ்நாடு அரசுப் பணியில் விளையாட்டு வீரர்களுக்கான 3 சதவீத ஒதுக்கீட்டுக்கும் இவைதான் அடிப்படை. சென்னை ரயில் பெட்டித் தொழிற்சாலையான ஐ.சி.எஃப்., இந்தியன் வங்கி போன்றவை கால்பந்து அணி வைத்திருப்பதையும் மறக்க வேண்டாம். அங்கே ஆடுபவரும் கால்பந்தால் வாழ்பவரே. இந்த ஆண்டுக் கட்டணம் கட்டியாகிவிட்டது, ஆண்டை அங்கேயே முடிக்கட்டும். அடுத்த ஆண்டுக்கு அந்த 1.8 லட்சத்தைக் கட்டாதீர்கள். விடுதியில் இடம் கிடைக்காவிட்டால் கால்பந்து அணி உள்ள உள்ளூர்ப் பள்ளியில் பதினொன்று சேர்ந்து, அடுத்த தேர்வுகளுக்குத் தயாராகட்டும்.

யூலிப் திட்டம் வேண்டவே வேண்டாம். மூன்று வட்டி என்ற பெயரில் ஆண்டுக்கு 36 சதவீத வட்டி கட்டிக்கொண்டிருக்கும் வீட்டில், மாதம் 5,000 ரூபாயை ஐந்தாண்டு எடுக்க முடியாதபடி பூட்டி வைக்கச் சொல்வதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை. அதில் கிடைக்கக்கூடிய லாபத்தை எவ்வளவு தாராளமாகக் கணக்கிட்டாலும் உங்கள் வட்டியில் பாதிக்குக்கூட வராது. மேலும், காப்பீடு தேவைப்படுவது சம்பாதிக்காத பையனுக்கு அல்ல, கடலுக்குப் போகும் கணவருக்கு. வயது 50-க்குள் இருந்தால் வங்கியிலேயே ஆண்டுக்கு 436 ரூபாயில் 2 லட்சத்துக்கான ஆயுள் காப்பீடும், 20 ரூபாயில் 2 லட்சத்துக்கான விபத்துக் காப்பீடும் அவர் பெயரில் எடுத்துக்கொள்ளுங்கள். மீனவர்களுக்கான அரசுக் குழு விபத்துக் காப்பீட்டில் அவர் பெயர் சேர்ந்திருக்கிறதா என்று மீன்வளத்துறை அலுவலகத்தில் பார்த்துவிடுங்கள். அதற்கு நீங்கள் கட்ட வேண்டியது எதுவும் இல்லை.

இனிக் கடன். மிச்சமுள்ள 5 பவுனில் மூன்றை மட்டும் வங்கியில் வையுங்கள். இன்றைய தங்க விலையில் 1.5 லட்சம் கிடைத்துவிடும். அதைக் கொண்டு மூன்று வட்டிக் கடனை ஒரே நாளில் முடியுங்கள். வங்கி வட்டி 9.5 சதவீதம் என்று கொண்டால், ஆண்டுக்கு 54,000 கட்டிய இடத்தில் ஏறக்குறைய 14,000 ஆகும், 40,000 மிஞ்சும். மீதி இரண்டு பவுன் மகளுக்கு, அதைத் தொடாதீர்கள். அகாடமிக் கட்டணமும் இல்லாத அடுத்த ஆண்டில், 2.72 லட்சத்தில் வீட்டுச் செலவு 1.2 லட்சம், 4.1 லட்ச நகைக்கடனுக்கு வட்டி 39,000, பையனின் பூட்ஸுக்கும் பயணத்துக்கும் 30,000 போக ஏறக்குறைய 80,000 கையில் நிற்கும். அதை முழுவதும் அசலில் கட்டினால் ஐந்து ஆண்டுக்குள் பதினொரு பவுனும் வீடு திரும்பும். தங்க விலை ஏறியிருக்கிறது, அதே நகைக்கு இன்னும் கூடுதலாகத் தருகிறோம் என்று வங்கியில் சொல்வார்கள், மறுத்துவிடுங்கள்.

இதைத் தடைக்காலம் தொடங்கும் முன்பே, ஏப்ரல் 15-க்குள் செய்துவிடுங்கள். வட்டிக்காரரிடம் பணம் கொடுக்கப் போகும்போது கணவரோடு ஊரில் மதிப்புள்ள ஒருவரையும் அழைத்துப் போங்கள். எழுதிக் கொடுத்த புரோநோட்டு, நிரப்பாத காசோலை எது இருந்தாலும் அந்த இடத்திலேயே திரும்ப வாங்குங்கள். கணக்கு முடிந்தது என்று கையெழுத்தோடு ஒரு சீட்டும் வாங்குங்கள். அவர் தர மறுத்தாலோ மிரட்டினாலோ, அளவுக்கு மீறிய வட்டியைத் தடுக்கும் 2003-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு சட்டம் உங்கள் பக்கம் இருக்கிறது. தயங்காமல் காவல் நிலையத்திலோ மாவட்ட ஆட்சியரின் குறைதீர் நாளிலோ மனு கொடுங்கள்.