செராப் ஓஸ்செலிக்கும் டோக்கியோவும் – கடிதமும் பதிலும்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். துருக்கியின் கராத்தே வீராங்கனை செராப் ஓஸ்செலிக்கைப் பற்றித் தாங்கள் எழுதிய குறிப்பை வாசித்தேன். தம் காலத்தின் மிகச் சிறந்த குமிதே (இருவர் நேருக்கு நேர் மோதும் கராத்தே) வீராங்கனைகளுள் ஒருவர் என்று அவரைச் சொல்லியிருந்தீர்கள். 2014-இல் அவர் உலக சாம்பியன் ஆனதை நான் மறுக்கவில்லை. ஆனால் கராத்தே முதன்முறையாக ஒலிம்பிக்கில் இடம்பெற்ற டோக்கியோவிலிருந்து அவர் வெறுங்கையோடுதானே திரும்பினார்? அதே அணியில் சென்ற மெர்வே சோபன் வெண்கலம் வென்றார். குத்துச்சண்டையில் புசெனாஸ் சுர்மெனெலி உலக சாம்பியனாகச் சென்று தங்கத்தோடு வந்தார். பெரிய மேடையில் தேறாத ஒருவரை மிகச் சிறந்தவர் என்பது வெறும் அபிமானம் ஆகாதா? மேலும், ஒலிம்பிக்கிலிருந்தே கராத்தே நீக்கப்பட்ட பிறகு, ஒரு துருக்கிப் பெண் அதில் தன் இளமையைச் செலவிடுவதில் என்ன பயன்?

அன்புடன்,
ஒரு வாசகர்

*

அன்புள்ள நண்பருக்கு,

கடிதத்திற்கு நன்றி. என் மதிப்பீட்டை மாற்றிக்கொள்ளக் காரணம் எதுவும் எனக்குத் தெரியவில்லை. ஏன் என்பதைச் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

முதலில் எடைப்பிரிவு. உலக கராத்தே சம்மேளனம் நடத்தும் போட்டிகளில் பெண்களுக்கான குமிதேயில் ஐந்து பிரிவுகள் உண்டு: 50, 55, 61, 68 கிலோவுக்கு உட்பட்டவை நான்கு, 68 கிலோவுக்கு மேற்பட்டது ஒன்று. டோக்கியோவில் இவை மூன்றாகச் சுருக்கப்பட்டன. 50 கிலோவும் 55 கிலோவும் ஒன்றாக்கப்பட்டன. 68 கிலோவும் அதற்கு மேற்பட்டதும் சேர்ந்து, 61 கிலோவுக்கு மேற்பட்ட ஒரே பிரிவாயின. நடுவிலிருந்த 61 கிலோ மட்டும் மாறாமல் நின்றது. மெர்வே சோபன் களமிறங்கியது அந்தப் பிரிவில்தான். அவருடைய வெண்கலத்தின் பெருமை இதனால் இம்மியும் குறையாது. ஆனால் ஆண்டுக்கணக்காக 50 கிலோப் பிரிவில் ஆடிய செராப், தமக்கு மேலுள்ள பிரிவுக்குச் சென்று போட்டியிட நேர்ந்தது என்பதை மறந்துவிட்டு இருவரையும் ஒரே தட்டில் வைப்பது முறையாகாது.

அடியின் வலிமையைக் கட்டுப்படுத்தியே ஆடவேண்டிய ஆட்டத்தில் ஐந்து கிலோ என்ன செய்துவிடும் என்று நீங்கள் கேட்கலாம். குத்தோ உதையோ இலக்கைத் தொடும் இடத்தில் அடக்கப்பட வேண்டும் என்பதும், மிகையாகத் தாக்கினால் எச்சரிக்கை விழும் என்பதும் உண்மைதான். ஆனால் குமிதேயில் எடை வேலை செய்வது தூரத்தின் வழியாக. எட்டு மீட்டர் சதுரத்தில் சிவப்புப் பட்டையும் நீலப் பட்டையும் அணிந்த இருவர் முன்காலில் துள்ளியபடியே ஒருவருக்கொருவர் எட்டாத தொலைவைக் காத்துக்கொண்டிருப்பார்கள். அந்தத் தொலைவை ஒரே பாய்ச்சலில் கடந்து, பின்கையால் குத்திவிட்டு, எதிராளியின் கை வருவதற்குள் வெளியேறிவிட வேண்டும். நான்கு மூலைகளில் அமர்ந்திருக்கும் நடுவர்களில் இருவராவது ஒப்புக்கொண்டால்தான் புள்ளி. கைக்குத்துக்கு ஒன்று, உடலில் படும் உதைக்கு இரண்டு, தலையை எட்டும் உதைக்கு மூன்று. எதிராளி பதில் புள்ளி எடுக்காத நிலையில் முதல் புள்ளியைப் பெறுபவருக்கு ‘சென்ஷு’ என்னும் முன்னுரிமை கிடைக்கும்; ஆட்டம் சமனில் முடிந்தால் வெற்றி அவருக்கே. இவ்வளவு நுட்பமான கணக்கில், எதிரில் நிற்பவரின் கை நான்கு விரற்கடை நீளமாக இருந்தாலே பல ஆண்டுகளாக உடலில் ஊறிப்போன தூரக்கணக்கு முழுவதும் பிழைத்துவிடும். இரு உடல்கள் மோதிக்கொள்ளும் நொடியில் தடுமாறுவதும் பெரும்பாலும் இலகுவானவரே. இந்தச் சிரமத்தைக் களத்தில் நின்று பார்த்தவர்கள் யாரும் சிறிதாகச் சொல்ல மாட்டார்கள்.

எனினும் அவர் பதக்கம் பெறாததற்கு எடை ஒன்றே காரணம் என்று சொல்லி முடித்துவிட எனக்கு மனமில்லை. ஆஸ்திரியாவின் பெட்டினா பிளாங்க்கும் 50 கிலோ வீராங்கனைதான். அதே 55 கிலோப் பிரிவில் அவர் வெண்கலம் வென்றார். தங்கம் பல்கேரியாவின் இவெட் கொரனோவாவுக்கும், வெள்ளி உக்ரைனின் அன்ஷெலிகா தெர்லியூகாவுக்கும், இன்னொரு வெண்கலம் தைவானின் வென் ட்சு-யுன்னுக்கும் சென்றன. மறுபக்கம், 2018-இல் மட்ரிட்டில் 50 கிலோ உலகப் பட்டம் வென்ற ஜப்பானின் மிஹோ மியாஹரா, தம் சொந்த நாட்டில், புடோகான் அரங்கிலேயே பதக்கமின்றி வெளியேறினார். உலகப் பட்டம் பெற்ற இரு 50 கிலோ வீராங்கனைகள் ஒரே நாளில் அரையிறுதியை எட்டாமல் போனதைப் பார்த்த பிறகு, அந்த ஒரு நாளை உரைகல்லாகக் கொள்ளத்தான் எனக்குத் தயக்கமாக இருக்கிறது. ஒரு குழுவில் ஐவர். ஒவ்வொருவரும் மற்ற நால்வருடன் மோத வேண்டும். ஓர் ஆட்டம் மூன்று நிமிடம். முதல் இருவருக்கே அரையிறுதி. 2021 ஆகஸ்ட் 5 அன்று தொடங்கி அன்றே முடிந்தது அந்தப் பிரிவு.

சுர்மெனெலியோடு ஒப்பிட்டிருக்கிறீர்கள். அவர் 2019-இல் 69 கிலோவில் உலகப் பட்டம் வென்றார். டோக்கியோவிலும் 69 கிலோவிலேயே தங்கம் வென்றார். தம் உடல் பழகிய பிரிவிலேயே ஒலிம்பிக்கிலும் ஆடும் வாய்ப்பு அவருக்கு இருந்தது, அதை அவர் முழுமையாகப் பயன்படுத்திக்கொண்டார். டேக்வாண்டோவில்கூடப் பெண்களுக்கு 49 கிலோப் பிரிவு ஒலிம்பிக்கில் உண்டு. சிறிய உடல்வாகு கொண்ட பெண்களுக்குத் தனி இடம் தராதது கராத்தேக்கு ஒதுக்கப்பட்ட குறுகிய இடத்தின் விளைவு.

காலத்தையும் கருதிப் பாருங்கள். செராப் 1988-இல் பிறந்தவர். 2014 நவம்பரில் ஜெர்மனியின் பிரேமன் நகரில் உலகப் பட்டத்தை வென்றபோது அவருக்கு 26 வயது. அப்போது கராத்தே ஒலிம்பிக் விளையாட்டே இல்லை. கராத்தேயைச் சேர்க்கும் முடிவு 2016 ஆகஸ்டில் ரியோவில்தான் எடுக்கப்பட்டது. போட்டியை நடத்தும் நகரம் முன்மொழிந்த விளையாட்டு என்ற வகையிலேயே அதற்கு இடம் கிடைத்தது. 2020 ஒலிம்பிக்குக்காக டோக்கியோவோடு இறுதிவரை போட்டியிட்ட நகரம் இஸ்தான்புல் என்பது உங்களுக்கு நினைவிருக்கும். 2013 செப்டம்பரில் புவெனஸ் அயர்ஸில் நடந்த வாக்கெடுப்பில் அது 60-க்கு 36 என்று தோற்றது. அன்று இஸ்தான்புல் வென்றிருந்தால் கராத்தே ஒலிம்பிக்கை எட்டியிருக்குமா என்பது எனக்குச் சந்தேகமே. வந்த வாய்ப்பும் பெருந்தொற்றால் ஓராண்டு தள்ளிப்போக, ஓஸ்செலிக் அராபோலு என்ற பெயரில் புடோகானில் அவர் நின்றபோது வயது 33. வேகத்தையே மூலதனமாகக் கொண்ட ஆட்டத்தில் அந்த ஏழு ஆண்டுகள் பெரிய இடைவெளி. அந்த வயதில், தமதல்லாத எடைப்பிரிவில், உலகின் பத்துப் பேரில் ஒருவராக நின்றதை நான் சாதனையாகவே கருதுகிறேன்.

அவருடைய தொழில்வாழ்வின் மையம் பிரேமன்தான். உலக சாம்பியன்ஷிப் இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை, எந்தப் பிரிவையும் சுருக்காமல், எல்லாக் கண்டங்களிலிருந்தும் வரும் வீராங்கனைகளோடு நடப்பது. ஒலிம்பிக்கைப் போல வாசலிலேயே பத்துப் பேராக வடிகட்டப்படுவதில்லை. 2012-இல் பாரிஸில் பட்டம் வென்ற பிரான்சின் அலெக்சாண்ட்ரா ரெக்கியா முதல் மியாஹரா வரை வலுவானவர்கள் நிறைந்திருந்த பிரிவில் அவர் உலகப் பட்டமும் ஐரோப்பியப் பட்டமும் வென்றார்.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. டோக்கியோவில் துருக்கி பெற்ற 13 பதக்கங்களில் நான்கு கராத்தேயில் வந்தவை: எராய் ஷம்தானின் வெள்ளியும், அலி சோஃபுவோலு, உவுர் அக்தாஷ், மெர்வே சோபன் ஆகியோரின் வெண்கலங்களும். 2024 பாரிஸ் ஒலிம்பிக்கின் அமைப்பாளர்கள் தங்கள் கூடுதல் விளையாட்டுகளின் பட்டியலில் கராத்தேக்கு இடமில்லை என்று அறிவித்தது 2019 பிப்ரவரியில், அதாவது அது டோக்கியோவில் அறிமுகமாவதற்கும் இரண்டு ஆண்டுகளுக்கு முன்பு. இந்த முடிவு எனக்கு இன்றும் வருத்தம் தருகிறது. ஆனால் துருக்கியில் கராத்தேயைத் தாங்கி நிற்பது ஒலிம்பிக் ஒன்றே என்று எண்ணிவிட வேண்டாம். அங்கே நகராட்சிகளே விளையாட்டுக் கழகங்களை நடத்துகின்றன; சிறுமியாக உள்ளே நுழைபவர் தேசிய அணி வரை அந்தக் கழகத்தின் துணையோடு செல்ல வழி இருக்கிறது. 2017-இல் ஐரோப்பிய சாம்பியன்ஷிப்பையே கோஜாயெலி நகரம் ஏற்று நடத்தியது. செராப் பயிற்சியைத் தொடங்கியபோதும் ஒலிம்பிக் என்ற இலக்கு அவர் கண்முன் இருக்கவில்லை. உலகப் பட்டம் என்ற இலக்கு இருந்தது, அதை அவர் அடைந்தார். இன்று தொடங்கும் பெண்ணுக்கும் அந்த இலக்கு திறந்தே இருக்கிறது. 50 கிலோவுக்கென்று தனிப் பிரிவும் அங்கே இருக்கிறது.

அன்புடன்.