காலத்தில் விழும் பிசகைக் காட்டும் கருவி நிஜத்தில் உண்டா?

கதைகளில் வரும் ‘காலப் பிசகுமானி’ எங்கும் கிடைக்காது. அந்த வேலையைச் செய்ய இரண்டு சீசியம் அணுக் கடிகாரங்கள் (சீசியம் என்ற உலோகத்தின் அணுக்களைக் கொண்டு மிகத் துல்லியமாக நேரம் காட்டுபவை) போதும். ஒன்று மட்டும் என்றால் ஒற்றைத் தட்டுத் தராசுதான். ஒப்பிட இன்னொரு கடிகாரம் வேண்டும்.

முதலில் இரண்டையும் அருகருகே ஓடவிட்டு, அவற்றுக்குள் இயல்பாக இருக்கும் விலகலைக் குறித்துக்கொள்ள வேண்டும். பலர் கோட்டைவிடுவது இங்கேதான். பிறகு ஒன்றைத் திருநெல்வேலியில் வைத்துவிட்டு மற்றதை மலைமேல் இருக்கும் மாஞ்சோலைக்கு ஏற்றலாம். புவியீர்ப்பின் பிடிக்குள் ஆழமாக இருக்கும் இடத்தில் காலம் மெதுவாக ஓடும். 1,000 மீட்டர் உயர்ந்தால் நாளுக்குச் சுமார் 9 நானோ நொடி முந்தும் (ஒரு நொடியை 100 கோடியாகப் பிரித்தால் ஒரு பங்கு, ஒரு நானோ நொடி). ஒரு வாரத்தில் 65 அளவுக்குச் சேரும். வெப்பநிலை ஏறி இறங்கினாலோ, பக்கத்தில் காந்தம் இருந்தாலோ கணக்கு கெடும். வழியில் பேட்டரி ஒரு கணம் விட்டுப்போனால் அத்தனையும் வீண்.

மேலே போன கடிகாரம் பழுதாகி வேகமாக ஓடுகிறது என்று நினைப்பவர்கள் உண்டு. கடிகாரம் சரியாகத்தான் ஓடுகிறது, அங்கே காலமே அவ்வளவு முந்துகிறது.