அம்மா பார்க்கும் தொடரும் பிள்ளைகள் பார்க்கும் கார்ட்டூனும்: கலக்காமல் பிரிப்பது எப்படி?

கேள்வி: வீட்டில் ஒரே டிவி, ஒரே போன். 10 வயதில் மகன், 4 வயதில் மகள். நெட்ஃபிளிக்ஸ், யூடியூப் எதைத் திறந்தாலும் கார்ட்டூன்தான் வருகிறது. இரவில் நான் துப்பறியும் தொடர் பார்த்தால், மறுநாள் மகள் கண்ணில் அந்தப் படங்கள் படுகின்றன. என்ன செய்யலாம்?

பதில்: முதலில் ஒவ்வொருவருக்கும் தனி புரொஃபைலை (ஒரே கணக்குக்குள் ஒருவருக்கான தனிப் பக்கம்) பிரித்துக் கொடுங்கள், பிறகு உங்கள் பக்கத்தில் இருக்கும் கார்ட்டூன்களை நீக்குங்கள். பலர் தலைகீழாகச் செய்கிறார்கள். கார்ட்டூன்களை அழித்துவிட்டு, பிள்ளைகளுக்கும் அதே புரொஃபைலில் போட்டுக் கொடுத்தால் சில நாளில் பழைய நிலைமைதான்.

நெட்ஃபிளிக்ஸில் ஒரு கணக்குக்கு 5 புரொஃபைல் வரை வைக்கலாம். மகளுக்குக் கிட்ஸ் புரொஃபைல், மகனுக்கு வயது வரம்பு வைத்த இன்னொன்று. உங்களுடையதற்கு 4 இலக்க ரகசிய எண் (PIN) போடுங்கள். இதை விட்டால் மற்றதெல்லாம் வீண்; பிள்ளைகள் திரையில் முதலில் தெரிவதைத்தான் தொடுவார்கள். அடுத்து, பிரவுசரில் உள்நுழைந்து உங்கள் புரொஃபைலின் 'வியூயிங் ஆக்டிவிட்டி' (பார்த்தவற்றின் பட்டியல்) பக்கத்தில் கார்ட்டூன்களை மறையுங்கள். முழுத் தொடரையும் ஒரேயடியாக மறைக்கலாம். மாற்றம் தெரிய 24 மணி நேரம் வரை ஆகும். அடுத்த எபிசோடு தானாக ஓடும் வசதியையும் நிறுத்திவிடுங்கள். இல்லாவிட்டால், வேலைக்கு நடுவே பார்ப்பவர்கள் எழுந்து போனால் விட்ட இடம் தொலைந்துபோகும்.

யூடியூப்தான் சிக்கல். பிள்ளை கையில் போனைக் கொடுக்கும்போது வாட்ச் ஹிஸ்டரியை (பார்த்தவை பதிவாவதை) நிறுத்தி வைக்கலாம், ஆனால் நிரந்தரமாக நிறுத்தாதீர்கள்; ஹிஸ்டரி இல்லாமல் உங்களுக்கு ஏற்ற பரிந்துரைகள் வராது. இன்காக்னிட்டோவில் (கணக்கில் பதிவில்லாமல் பார்க்கும் முறை) கொடுத்தால் உங்கள் ஹிஸ்டரியில் எதுவும் பதிவாகாது என்பது உண்மை. ஆனால் வயதுக்கேற்ற வடிகட்டல் அதில் இல்லை, அதனால் 4 வயதுக் குழந்தைக்கு அது வேண்டவே வேண்டாம்.

மகளுக்கு யூடியூப் கிட்ஸ் செயலியைப் போடுங்கள். அதில் 4 வயது வரை, 5 முதல் 8, 9 முதல் 12 என்று மூன்று பிரிவுகள் உண்டு. எங்கள் பரிந்துரை இவற்றில் எதுவும் அல்ல, நீங்கள் தேர்ந்தெடுத்தவை மட்டும் தெரியும் 'அப்ரூவ்டு கன்டென்ட் ஒன்லி' முறை. தேடல் மூடப்பட்டிருக்கும். தொடக்கத்துக்கு ஏழெட்டு சேனல் போதும். முகப்புப் படத்தை நம்பாமல், ஒவ்வொன்றிலும் ஒரு வீடியோவையாவது அவளோடு உட்கார்ந்து முழுதாகப் பாருங்கள். பார்க்கும் நேரத்துக்கு வரம்பு வைக்க, செயலிக்குள்ளேயே டைமர் இருக்கிறது. 2 முதல் 4 வயதுக் குழந்தைகளுக்கு ஒரு நாளில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம், குறைவாக இருந்தால் இன்னும் நல்லது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் 2019 வழிகாட்டுதல்.

ஒன்றைக் கவனியுங்கள்: இந்தச் செயலியின் பெற்றோர் பூட்டு ஒரு பெருக்கல் கணக்கைக் கேட்கும். 10 வயது மகன் நொடியில் விடை போட்டுத் தங்கைக்குத் திறந்துவிடுவான். அதே பூட்டில் உங்கள் சொந்த எண்ணை அமைத்துக்கொள்ளுங்கள்.