டிமென்ஷியா உள்ளவர்களின் சாப்பாடு: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

வணக்கம். முதியோர் பிரிவில் உணவியல் ஆலோசகராக வேலை செய்கிறேன். வீட்டில் டிமென்ஷியா எனும் மறதிநோய் உள்ளவரைப் பார்த்துக்கொள்கிறவர்கள் இங்கே நிறையப் பேர். அதனால் சாப்பாட்டைப் பற்றி மட்டும் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்த கேள்விகளில் ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்துப் பதில் எழுதியிருக்கிறேன்.

முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். சாப்பிட மறுப்பது, அளவில்லாமல் சாப்பிடுவது, ஒரே பண்டத்தைக் கேட்டு நச்சரிப்பது, இவை எல்லாவற்றுக்கும் பின்னால் ஏதோ ஒரு காரணம் இருக்கும். அது மூளையில் இருக்கலாம், பல்லில் இருக்கலாம், மாத்திரையில் இருக்கலாம், தட்டின் நிறத்தில்கூட இருக்கலாம். பிடிவாதம் என்று முடிவு கட்டுவதற்கு முன்னால் அந்தக் காரணத்தைத் தேடுங்கள்.

மதுரை, மருமகள்: அக்கா, அத்தைக்கு 76 வயசு, அல்சைமர். சாப்பிட்டுக் கை கழுவின அரை மணி நேரத்துல "இன்னும் சோறு போடலையா"ங்கறாங்க. போன வாரம் பக்கத்து வீட்டுக்குப் போய் "மருமக பட்டினி போடுறா"ன்னு சொல்லிட்டாங்க. வெளியில தலைகாட்ட முடியல.

பதில்: உங்கள் அத்தை பொய் சொல்லவில்லை. டிமென்ஷியாவின் ஒரு வகையான அல்சைமரில் முதலில் அடிபடுவது புதிய நினைவுகளைப் பதியவைக்கும் பகுதி. அவரைப் பொறுத்தவரை அந்தச் சாப்பாடு நடக்கவே இல்லை. "இப்பதானே சாப்பிட்டீங்க" என்று நிரூபிக்கப் போனால் சண்டைதான் மிஞ்சும். "இதோ ஆயிடுச்சு அத்தை, அதுவரைக்கும் இதைச் சாப்பிட்டுட்டு இருங்க" என்று ஒரு கொய்யாத் துண்டோ, அரை டம்ளர் மோரோ கொடுங்கள். காலையில் நாலு இட்லி சாப்பிடுகிறவர் என்றால் எட்டு மணிக்கு இரண்டு, ஒன்பதரைக்கு இரண்டு. மொத்த அளவு கூடாது, கேட்கும்போது கொடுக்கவும் கையில் இருக்கும். சாப்பிட்ட தட்டை உடனே கழுவாமல் எதிரிலேயே கொஞ்ச நேரம் விட்டுவைத்தால் சிலர் அதைப் பார்த்துச் சமாதானம் ஆவார்கள்.

பக்கத்து வீட்டில் நோயின் பெயரைச் சொல்லிவிடுங்கள். மறைக்க மறைக்கப் பழி உங்கள் தலையில்தான் விழும்.

கோயம்புத்தூர், மகன்: அப்பாவுக்கு 61. இனிப்பே தொடாதவர். இப்ப அரைக் கிலோ ஜாங்கிரியை ஒரே மூச்சுல காலி பண்றார். கல்யாணப் பந்தியில பக்கத்து இலையில கை வச்சுட்டார். ஃப்ரண்டோடெம்போரல் டிமென்ஷியான்னு டாக்டர் சொல்றாங்க. எவ்வளவு சொன்னாலும் கேட்கறதில்லை.

பதில்: சொல்லிக் கேட்கிற நிலையில் அவர் இல்லை தம்பி. இந்த வகையில் மூளையின் முன்பகுதியும் பக்கப்பகுதியும் சுருங்குகின்றன. "போதும்" என்று தடுக்கும் கட்டுப்பாடு அங்கேதான் இருக்கிறது. 2011-ல் வெளியான சர்வதேசக் கண்டறிதல் விதிகளில் ஆறு அடையாளங்கள் இருக்கின்றன. அவற்றில் ஒன்று இதுவேதான்: உணவுப் பழக்கம் மாறுவது, இனிப்பின் மேல் வெறி, எதையும் வாயில் போடுவது. மறதி தெரிவதற்கு முன்பே இது வந்துவிடும் என்பதால் பல குடும்பங்கள் "வயசான காலத்துல நாக்கு நீளுது" என்று திட்டிக்கொண்டே வருடங்களைக் கடத்திவிடுகின்றன.

திருத்த வேண்டியது வீட்டை, அவரை அல்ல. இனிப்பு டப்பா கண்ணில் படக்கூடாது. பிரிட்ஜுக்கும் மளிகை அலமாரிக்கும் பூட்டு போடுவதில் தவறே இல்லை. பாத்திரங்களை மேஜையில் பரப்பாமல் அடுக்களையிலேயே தட்டில் போட்டுக் கொண்டுவாருங்கள். வேகமாக அடைத்துக்கொள்கிறவர் என்றால் சின்னக் கிண்ணத்தில் கொஞ்சம் கொஞ்சமாக வையுங்கள். வடை, போண்டா, கெட்டியான சப்பாத்தி ஆகியவை தொண்டையில் சிக்கும், பக்கத்தில் ஆள் இல்லாமல் கொடுக்காதீர்கள். பந்தியில் ஓரத்து இலையில் உட்காரவைத்து மறுபக்கம் நீங்கள் உட்காருங்கள்.

இன்னொன்று, இதை இன்றைக்கே செய்யுங்கள். பூஜை அலமாரியில் இருக்கும் கற்பூரம், துணி பீரோவில் இருக்கும் அந்துருண்டை, குளியலறையில் இருக்கும் பினாயில், மூன்றையும் எடுத்துப் பூட்டுங்கள். கற்பூரம் வில்லை கற்கண்டு மாதிரி இருக்கும். கொஞ்சம் விழுங்கினாலும் வலிப்பு வரக்கூடும்.

திருச்சி, மகள்: அம்மா தட்டைப் பார்த்துட்டே உட்கார்ந்திருக்காங்க. பசியில்லையான்னா பசிக்குதுங்கறாங்க. ஊட்டினா சாப்பிடறாங்க. ஏன் இப்படி?

பதில்: இரண்டு காரணங்கள் இருக்கலாம். தட்டில் இருப்பது கண்ணுக்குப் பிரிந்து தெரியாமல் இருக்கலாம், அல்லது எங்கே தொடங்குவது என்று கைக்குத் தெரியாமல் இருக்கலாம்.

முதலாவதற்கு ஒரு வீட்டில் பார்த்ததைச் சொல்கிறேன். வெள்ளைப் பீங்கான் தட்டு, அதில் தயிர்சாதம், ஓரத்தில் தேங்காய்ச் சட்னி. அந்தப் பெரியவர் தட்டின் விளிம்பையே விரலால் தடவிக்கொண்டிருந்தார். அதே சாதத்தை வாழையிலைத் துண்டில் போட்டு, மேலே ஒரு மாங்காய்த் துண்டு வைத்ததும் கை நேராகச் சாதத்துக்குப் போனது. கண் நன்றாக இருந்தாலும் இந்த நோயில் நிறவேறுபாட்டைப் பிரித்தறியும் திறன் குறைகிறது. பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் முற்றிய அல்சைமர் உள்ளவர்களுக்கு வெள்ளைத் தட்டுக்குப் பதில் பளிச்சென்ற சிவப்புத் தட்டும் டம்ளரும் கொடுத்துப் பார்த்தார்கள். உணவு 25 சதவீதமும் நீராகாரம் 84 சதவீதமும் கூடியது. 2004-ல் வந்த சின்ன ஆய்வுதான், ஆனால் செய்துபார்க்கச் செலவே இல்லை. எவர்சில்வர் தட்டின் பளபளப்பும் சிலரைக் குழப்பும். நமக்கு வாழையிலை இருக்கிறது, பயன்படுத்துங்கள்.

இரண்டாவதற்கு, தொடங்கிவையுங்கள். அவர் கையின் மேல் உங்கள் கையை வைத்து முதல் கவளத்தை வாய்வரைக்கும் கொண்டுபோங்கள். பல நேரம் இரண்டாவது கவளம் தானாகவே போகும். கரண்டியைத் திணிக்காதீர்கள். ஆயுசு முழுக்கக் கையால் சாப்பிட்டவருக்கு அந்தப் பழக்கம் நெடுநாள் கைகொடுக்கும். ஒரு நேரத்தில் ஒரு பண்டம் போதும். டிவியை அணைத்துவிடுங்கள். நீங்களும் கூட உட்கார்ந்து சாப்பிட்டால் உங்களைப் பார்த்து அவர் சாப்பிடுவார். முழுக்க ஊட்டிவிடுவது கடைசி வழியாக இருக்கட்டும்.

சென்னை, மனைவி: என் வீட்டுக்காரர் சாப்பாட்டுல விஷம் இருக்கு, பூச்சி நெளியுதுன்னு தட்டைத் தள்ளிவிடறார். 48 வருஷமா என் கையாலதான் சாப்பிட்டார். மனசு ஆறலை.

பதில்: அம்மா, இந்தச் சந்தேகம் நோயினுடையது, அவருடையது அல்ல.

மாத்திரையைப் பொடித்துச் சாப்பாட்டில் கலக்கிறீர்களா? கசப்பு நாக்குக்குத் தெரிந்துவிடும், அதற்கப்புறம் எல்லாச் சாப்பாட்டின் மேலும் சந்தேகம் வரும். சில மாத்திரைகளைப் பொடிக்கவும் கூடாது. மருத்துவரிடம் கேட்டு மருந்தைத் தனியாக, வேறு நேரத்தில் கொடுங்கள்.

பூச்சி என்கிறாரே, தாளித்த கடுகையும் சீரகத்தையும் பாருங்கள். மங்கலான வெளிச்சத்தில் அவை எறும்பாகத் தெரிகின்றன. கொஞ்ச நாள் தாளிப்பு இல்லாமல் பரிமாறுங்கள், சாப்பிடும் இடத்தில் வெளிச்சத்தைக் கூட்டுங்கள். ஒரே பாத்திரத்திலிருந்து அவர் கண்முன்னால் இருவருக்கும் பரிமாறி, முதல் வாய் நீங்கள் சாப்பிடுங்கள். சாப்பாட்டுக்கு வெளியிலும் இல்லாத மனிதர்களோ பிராணிகளோ தெரிகிறார்களா என்று கவனித்து மருத்துவரிடம் சொல்லுங்கள். லூயி பாடி வகை டிமென்ஷியாவில் இது அடிக்கடி வரும். அந்த வகைக்காரர்களுக்கு மனநோய்க்கான சில மருந்துகள் மோசமான விளைவைத் தரும் என்பதால் இந்தத் தகவல் மிகவும் முக்கியம்.

கும்பகோணம், மகன்: எங்க வீட்ல சுத்த சைவம். என் பையன் சாப்பிட்ட ஆம்லெட்டை அம்மா எடுத்துச் சாப்பிட்டுட்டாங்க. மறுநாளும் கேட்டாங்க. தங்கை அழறா, கொடுக்கவே கூடாதுங்கறா. நான் கொடுக்கலாம்ங்கறேன்.

பதில்: முட்டையால் உடம்புக்குக் கெடுதல் இல்லை, அதனால் இது மருத்துவக் கேள்வி அல்ல. என் கருத்தைச் சொல்கிறேன். சுயநினைவோடு இருந்தவரை அம்மா காத்த நெறி அது. முடிந்தவரை அதை நீங்கள் காத்துக்கொடுங்கள், ஆனால் அவரை அவமானப்படுத்திக் காக்க வேண்டாம். பேரன் அவர் எதிரில் ஆம்லெட் சாப்பிடாமல் இருந்தாலே பாதிப் பிரச்சினை தீரும். எப்போதாவது எடுத்துச் சாப்பிட்டுவிட்டால் கையிலிருந்து பிடுங்காதீர்கள், "என்ன காரியம் பண்ணினீங்க" என்று கேட்காதீர்கள். எதற்காகத் திட்டு வாங்கினோம் என்பது மறந்துபோகும், அந்த வலி மட்டும் நிற்கும்.

கடலைமாவில் வெங்காயம், தக்காளி, கொத்தமல்லி போட்டு மெல்லிசாக ஊற்றிக்கொடுங்கள். பார்க்க ஆம்லெட் மாதிரியே இருக்கும், புரதமும் கிடைக்கும். அவர் கேட்டது அந்தச் சூட்டையும் மணத்தையும் மென்மையையுமாக இருக்கலாம். வேறு எதுவுமே சாப்பிடாமல் உடல் கரைகிற நிலை வந்தால் நான் உங்கள் பக்கம். அப்போதும் தங்கையோடு உட்கார்ந்து பேசி முடிவெடுங்கள்.

யாழ்ப்பாணம், பேத்தி: அம்மம்மாவுக்கு 83 வயசு. சாப்பாட்டை வாய்க்குள்ளயே வச்சுக்கொண்டு இருக்கிறா, விழுங்கிறா இல்லை. தண்ணி குடிச்சால் இருமல் வருது. தண்ணியாக் கரைச்சுக் குடுத்தால் சரியோ?

பதில்: வேண்டாம் தங்கச்சி. விழுங்கச் சிரமப்படுகிறவருக்கு மிகவும் ஆபத்தானது தண்ணீர் போன்ற மெல்லிய திரவம்தான். தொண்டை மூடுவதற்கு முன் அது மூச்சுக்குழாய்க்குள் ஓடிவிடும். அப்படிப் போனால் நிமோனியா (நுரையீரல் தொற்று) வரலாம். இருமல், சாப்பிட்டபின் குரல் கரகரவென்று ஈரமாகக் கேட்பது, அடிக்கடி காய்ச்சல், இவை அடையாளங்கள். சிலருக்கு இருமலே வராமலும் உள்ளே போகும். ஆகவே விழுங்கலைப் பரிசோதிக்கும் பேச்சு சிகிச்சையாளரிடம் கட்டாயம் காட்டுங்கள். திரவத்தின் அடர்த்தியை 0 முதல் 4 வரையும் உணவின் பதத்தை 3 முதல் 7 வரையும் பிரித்து உலக அளவில் ஒரு முறை இருக்கிறது. அவருக்கு எது பொருந்தும் என்று அவர்கள் சொல்வார்கள்.

அதுவரை: கட்டிலில் சாய்த்துக் கொடுக்காமல் நாற்காலியில் நிமிர்ந்து உட்காரவைத்து, நாடியை (மோவாயை) சற்றுத் தாழ்த்தச் சொல்லுங்கள். நீங்களும் அவர் கண்மட்டத்தில் உட்காருங்கள். நின்றுகொண்டு ஊட்டினால் அவர் அண்ணாந்து பார்ப்பார், அப்போது மூச்சுக்குழாய் திறந்துகொள்ளும். தேக்கரண்டியில் அரைக்கரண்டி கொடுத்துவிட்டுத் தொண்டையைப் பாருங்கள். அது ஒருமுறை மேலே ஏறி இறங்கினால்தான் விழுங்கியிருக்கிறார். அதன்பிறகே அடுத்தது. கெட்டியும் தண்ணியும் கலந்தவை, உங்கள் ஊரில் சொதியில் மிதக்கும் இடியப்பம் போல, மிகவும் கஷ்டம். சொதியோடு நன்றாகப் பிசைந்து, நீர் தனியாக நிற்காத பதத்தில் கொடுங்கள். முடித்ததும் இரண்டு கன்னத்தின் உள்பக்கமும் பாருங்கள், அரைமணி நேரம் படுக்கவிடாதீர்கள். வாயைச் சுத்தமாக வைத்தால் நிமோனியா அபாயமே குறையும்.

சேலம், மகன்: அம்மாவுக்கு சர்க்கரை. மாத்திரை போட்டதும் சாப்பிட மாட்டேங்கறாங்க.

பதில்: இது அவசரம். கிளிமிபிரைடு, கிளிபென்கிளமைடு போன்ற மாத்திரை அல்லது இன்சுலின் எடுத்துக்கொண்டு சாப்பிடாவிட்டால் சர்க்கரை சட்டென்று இறங்கும். வியர்வை, நடுக்கம் இல்லாமல் வெறும் எரிச்சலாகவோ குழப்பமாகவோ தெரியலாம், நோய் கூடிவிட்டது என்று நினைத்து விட்டுவிடுவோம். மருந்தையோ நேரத்தையோ மாற்ற முடியுமா என்று இந்த வாரமே மருத்துவரிடம் கேளுங்கள். இந்த வயதில், இந்த நோயோடு, மூன்றுமாதச் சர்க்கரை அளவு (HbA1c) 8 சதவீதம் வரை இருக்கலாம் என்றுதான் வழிகாட்டுதல்களே சொல்கின்றன. கறாரான பத்தியம் இனி வேண்டாம்.

தஞ்சாவூர், மகள்: டொனெபெசில் ஆரம்பிச்சதுல இருந்து அப்பாவுக்குச் சாப்பாடே பிடிக்கல.

பதில்: டொனெபெசில் அல்சைமருக்குக் கொடுக்கும் மாத்திரை. குமட்டலும் பசியின்மையும் அந்த மருந்தின் தெரிந்த பக்கவிளைவுகள். நீங்களாக நிறுத்தாமல் மருத்துவரிடம் சொல்லுங்கள், அளவைக் குறைக்கவோ மருந்தை மாற்றவோ முடியும். கூடவே பல்செட் தளர்ந்திருக்கிறதா, நாக்கில் வெள்ளை படிந்திருக்கிறதா, மலச்சிக்கலா என்றும் பாருங்கள்.

ஈரோடு, மகன்: தேங்காய் எண்ணெய் குடிச்சா மறதி சரியாகும்னு வாட்ஸப்ல வருதே?

பதில்: ஆகாது. சமையலுக்குப் பயன்படுத்துங்கள், மருந்தாக நம்ப வேண்டாம்.

திருநெல்வேலி, மகள்: அம்மா படுத்த படுக்கை. ரெண்டு வாய்க்கு மேல இறங்கல. மூக்குல குழாய் போடலாமான்னு கேட்கறாங்க. போடலைன்னா நாமளே பட்டினி போட்டுக் கொல்ற மாதிரி ஆயிடாதா அக்கா?

பதில்: இல்லை. முற்றிய டிமென்ஷியாவில் உடம்பே உணவைக் குறைத்துக்கொள்கிறது. அவர் சாப்பிடாததால் நோய் முற்றவில்லை, நோய் முற்றியதால் சாப்பாடு குறைகிறது. அமெரிக்க முதியோர் மருத்துவச் சங்கம் 2014-ல் வெளியிட்ட நிலைப்பாடு தெளிவானது: இந்தக் கட்டத்தில் குழாய் வேண்டாம், பொறுமையாகக் கையால் ஊட்டுங்கள். குழாய் போட்டால் ஆயுள் நீள்வதில்லை, நிமோனியா தடுக்கப்படுவதில்லை, படுக்கைப்புண் குறைவதுமில்லை. பிடுங்காமல் இருக்கக் கைகளைக் கட்டிவைப்பதும் நடக்கிறது. பக்கவாதம், காய்ச்சல் போன்ற தற்காலிக நிலையில் சில நாட்களுக்கு என்றால் விஷயம் வேறு, அதை மருத்துவரிடம் தனியாகக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

அம்மா விழித்துத் தெளிவாக இருக்கும் நேரத்தில், விரும்பி வாய் திறக்கும் அளவுக்கு, அவருக்குப் பிடித்ததைக் கொடுங்கள். இரண்டு வாய் பாயசம் என்றால் இரண்டு வாய் பாயசம். வாயை இறுக மூடினால் நிறுத்துங்கள். "சொந்தக்காரர்கள் என்ன சொல்வார்கள்" என்பதற்காகக் குழாய் போடாதீர்கள்.

விழுப்புரம், மருமகன்: இதையெல்லாம் நேர்ல யார்கிட்ட கேட்கறது?

பதில்: சென்னையில் கிண்டி தேசிய முதியோர் நல மருத்துவமனை, ராஜீவ் காந்தி அரசு பொது மருத்துவமனையின் முதியோர் பிரிவு, ஸ்கார்ஃப் (SCARF) என்ற மனநல அமைப்பின் டிமென்ஷியா சேவை. மற்ற ஊர்களில் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் கேளுங்கள். முதியோர் உதவி எண் 14567, கட்டணம் இல்லை. போகும்போது மூன்று நாள் சாப்பாட்டுக் குறிப்பும் மாதாந்திர எடையும் எழுதி எடுத்துப்போங்கள். ஒரு மாதத்தில் 5 சதவீதமோ ஆறு மாதத்தில் 10 சதவீதமோ எடை குறைந்திருந்தால் அதை முதல் வரியிலேயே எழுதுங்கள். எடை பார்க்க நிற்க முடியாதவர் என்றால் மோதிரமும் ரவிக்கையும் எவ்வளவு தளர்ந்திருக்கின்றன என்று சொன்னாலும் போதும்.