எண்ண விடாத கணக்கு

கேள்வி: இலங்கை இறுதிப் போரில் செத்தவர்கள் 40,000 என்கிறார் ஒருவர், ஒன்றரை லட்சம் என்கிறார் இன்னொருவர். கொழும்போ சில ஆயிரத்தோடு நிறுத்திக்கொள்கிறது. ஆளுக்கொரு கணக்கு சொன்னால் யார்தான் நம்புவது? இத்தனை வருஷம் கழித்து இந்த எண்ணிக்கைச் சண்டை தேவையா?
- வாசகர், கருங்கல்

பதில்: கருங்கல்காரர் கேட்கிற கேள்வியா இது? 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் அடித்தபோது தூத்தூரிலும் சின்னத்துறையிலும் வள்ளவிளையிலும் என்ன நடந்தது என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. அதிகாரிகள் சொன்ன எண் ஒன்று, கோயில் பங்குகளில் பங்குமக்களைக் கேட்டு எழுதிய பட்டியல் வேறொன்று. எந்தப் படகு, யார் யார் ஏறினார்கள் என்று வீடு வீடாகக் கேட்டு எழுதிய பட்டியல் அது. 'ஆளுக்கொரு கணக்கு' என்று அன்றைக்கு நாம் அதைத் தள்ளிவிடவில்லையே.

இறுதிப் போர் நடந்த வட இலங்கையின் வன்னியில் அப்படிப் பெயர் எழுதக்கூடியவர்களை முதலிலேயே வெளியே அனுப்பிவிட்டார்கள். 2008 செப்டம்பரில் ஐ.நா. ஆட்களும் தொண்டு நிறுவனங்களும் கிளிநொச்சியை விட்டுக் கிளம்ப வேண்டியதாயிற்று. செஞ்சிலுவைக் குழு மட்டும் மிஞ்சியது. வெளியூர்ப் பத்திரிகைக்காரர் யாரும் சுதந்திரமாக உள்ளே போக முடியவில்லை.

அதற்கப்புறம் நடந்ததுதான் உங்கள் கேள்விக்கான பதில். 2009 பிப்ரவரித் தொடக்கத்தில் புதுக்குடியிருப்பு, கரைதுறைப்பற்று பகுதிகளில் ஏறக்குறைய 81,000 குடும்பங்கள், 3,30,000 பேர் இருக்கிறார்கள் என்று அங்கேயே இருந்த அரசு அதிகாரி எழுதி அனுப்பினார். புலிகள் இயக்கத்தின் ஆள் இல்லை, கொழும்பு சம்பளம் வாங்குகிற அரசு அதிகாரி. கணக்கு ஆதாரமற்றது என்று அவரைக் கண்டித்தது அமைச்சு, ஒழுங்கு நடவடிக்கை என்று மிரட்டியது. அரசு வெளியே சொன்ன எண் 70,000. ஏப்ரல் கடைசியில் 10,000 பேர்தான் மிச்சம் என்றது. ஐ.நா.வின் மதிப்பீடு அப்போது 1,27,177.

இதை வெறும் புள்ளிவிவரத் தகராறு என்று நினைத்துவிடாதீர்கள். 70,000 பேர் என்று எழுதினால் அரிசியும் மாவும் 70,000 பேருக்குத்தான் போகும். ஐ.நா. நிபுணர் குழுவும் இதைத்தான் சொன்னது: ஆட்களைக் குறைத்துக் காட்டி, அதை வைத்தே உணவையும் மருந்தையும் குறைத்தார்கள். மயக்க மருந்து போதாமல் அறுவை சிகிச்சை நடந்ததும் அங்கேதான். கடைசியில் போர் முடிந்து முகாம்களுக்கு வந்து சேர்ந்தவர்களே இரண்டே முக்கால் லட்சத்துக்கு மேல். 70,000 எப்படி அவ்வளவு ஆயிற்று என்று யாரும் பதில் சொல்லவில்லை.

இப்போது நீங்கள் கேட்ட எண்களுக்கு வருவோம். ஒவ்வொன்றும் ஒவ்வொன்றைச் சொல்கிறது. 2008 ஆகஸ்டிலிருந்து 2009 மே 13 வரை ஐ.நா. ஊழியர்கள் தகவல் சேர்த்து எழுதியது 7,721 சாவு, 18,479 காயம். கைக்கு எட்டியது அவ்வளவுதான். கடைசி நாட்கள் அதில் இல்லை. 40,000 என்பது 2011-இல் நிபுணர் குழு, பொதுமக்கள் சாவு அதுவரைக்கும் போயிருக்கலாம் என்று சொன்ன மதிப்பீடு. 1,46,679 என்பதை மன்னார் ஆயராக இருந்த ராயப்பு ஜோசப், இலங்கை அரசே அமைத்த ஆணைக்குழு முன்னால் வைத்தார். 2008 அக்டோபரில் கச்சேரிப் (அங்கே மாவட்ட அரசு அலுவலகத்துக்கு அதுதான் பெயர்) பதிவுப்படி வன்னியில் இருந்தவர்கள் 4,29,059. 2009 ஜூலைக்குள் வெளியே வந்தவர்கள் 2,82,380. கழித்துப் பாருங்கள். மிச்சப் பேர் எங்கே என்றுதான் ஆயர் கேட்டார். நம் மேடைப் பேச்சாளர்கள் அந்தக் கேள்விக்குறியைத் தட்டிவிட்டு 'ஒன்றரை லட்சம் பிணம்' ஆக்கிவிட்டார்கள். ஆயருக்குச் செய்த உதவி இல்லை அது.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், அதற்கும் எனக்குக் கடிதம் வரும். தப்பி வந்த சனங்களைப் புலிகள் சுட்டார்கள், பிள்ளைகளைப் பிடித்துக்கொண்டு போனார்கள் என்பதும் அதே நிபுணர் குழு அறிக்கையில்தான் இருக்கிறது. 1990 அக்டோபரில் வடக்கிலிருந்து முஸ்லிம்களை விரட்டியதும் இதே போரின் கணக்குதான். 1983 ஜூலைக் கலவரம், 1987-இல் போய் 1990-இல் திரும்பிய நம் அமைதிப்படை, 1995-இல் ஒரே இரவில் கிளம்பிய யாழ்ப்பாணம், 2002 போர்நிறுத்தம் என்று 26 வருஷத்துக்கும் சேர்த்து ஐ.நா. தரப்பில் சொல்லப்பட்டது 80,000 முதல் 1,00,000 வரை. ஆயுதம் தாங்கியவர்களும் அதில் அடக்கம்.

நம் குமரி மாவட்டத்திலும் இலங்கைத் தமிழர் முகாம்கள் உண்டு. பழவிளை, ஞாறாம்விளை, கோழிவிளை, பெருமாள்புரம். 2021-இல் 'அகதிகள்' போய் 'மறுவாழ்வு' என்று பெயர்ப்பலகை மாறியது. அப்படி ஒரு முகாமில் ஒரு அக்காவைப் பார்த்தேன். 1990-இல் மன்னாரிலிருந்து படகேறியவர். தங்கை குடும்பம் மட்டும் வன்னியில் தங்கிவிட்டது. ஜவுளிக்கடைப் பை ஒன்றை அவிழ்த்து ஒரு போட்டோவைக் காட்டினார். கல்யாண குரூப் போட்டோவிலிருந்து தங்கையை மட்டும் வெட்டிப் பெரிதாக்கியது. பக்கத்தில் நின்றவரின் தோள் பாதி அதில் இருந்தது. "யாரிட தோளெண்டு இப்ப ஞாபகமில்லைத் தம்பி" என்றார். வெளியே தணிக்கைக்கு அதிகாரி வந்திருந்தார். அரசு தருகிற பணக்கொடைக்காக முகாமில் ஒவ்வொரு தலையையும் எண்ணுவார்கள். பையை மடித்து வைத்துவிட்டு, வரிசையில் போய்த் தன் பெயருக்குக் குரல் கொடுத்துவிட்டு வந்தார். ஒரு ஆள் குறைந்தால் இங்கே விசாரணை வரும்.

சண்டை தேவையா என்றீர்கள். கடலில் காணாமல் போனவரைச் செத்தவர் என்று ஏற்க ஏழு வருஷம் காத்திருக்க வேண்டும் என்ற விதியை ஒக்கியின்போது நாம் தளர்த்த வைத்தோம், குடும்பத்துக்கு 20 லட்சம் ரூபாய் நிவாரணம் வந்தது. இலங்கையில் 2016-இல் ஒரு சான்றிதழுக்குச் சட்டம் செய்தார்கள். செத்தார் என்று அது சொல்லாது, ஆளைக் காணோம் என்று மட்டும் சொல்லும். கையால் ஆமியிடம் ஒப்படைத்த பிள்ளை எங்கே என்று கேட்டுத் தாய்மார் 2017 பிப்ரவரியில் கிளிநொச்சியில் தெருவோரம் உட்கார்ந்தார்கள். அந்தப் பந்தலில் உட்கார்ந்தவர்களில் பலர் இப்போது உயிரோடு இல்லை.