திருச்சபை யாருக்காகப் பேச வேண்டும்?

அன்புள்ள ஐயா,

நான் எங்கள் சபையின் இளைஞர் குழுவில் இருக்கிறேன். மதச்சார்பற்ற சமூகத்தில் திருச்சபைக்கு என்னதான் வேலை? பொது விஷயங்களில் வாய் திறந்தால் 'மதத்தை அரசியலில் கலக்காதே' என்கிறார்கள். பேசாமல் இருந்தால் நாங்கள் வெறும் தர்ம ஸ்தாபனமாகச் சுருங்கிவிடுகிறோம். சபை மூத்தவர்களில் சிலர் ரோமர் 13ஆம் அதிகாரத்தைக் காட்டி, ஆள்பவர்களுக்குக் கீழ்ப்படிந்து ஆன்மாக்களைக் கவனித்தால் போதும் என்கிறார்கள். வேறு சிலரோ நாட்டின் சட்டமே வேதப்படி இருக்க வேண்டும், யாருக்கு வாக்களிப்பது என்று போதகரே சொல்ல வேண்டும் என்கிறார்கள். இறையியல் என்ன சொல்கிறது? மதச்சார்பின்மை என்பதே விசுவாசத்தின் தோல்விதானே?

ஒரு வாசகர்
(பெயர் வெளியிட வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்)

அன்புள்ள நண்பருக்கு,

கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். மற்ற எல்லாமே அதில்தான் சிக்கிக்கிடக்கின்றன.

கி.பி. 212 வாக்கில் வட ஆப்பிரிக்காவின் கார்த்தேஜைச் சேர்ந்த கிறிஸ்தவ எழுத்தாளர் தெர்த்துல்லியன், கிறிஸ்தவர்களைத் துன்புறுத்திக்கொண்டிருந்த ரோமானிய ஆளுநர் ஸ்காபுலாவுக்கு எழுதினார்: மதத்தைக் கட்டாயப்படுத்துவது மதத்தின் வேலை அல்ல. அதிகாரம் இல்லாத நாளில் சொன்னது. 380இல் ரோமப் பேரரசர் தெயோதோசியுஸ், நிசேயா சங்கம் வகுத்த கிறிஸ்தவ விசுவாசத்தைப் பேரரசின் மதமாக்கினார். ஐந்தே ஆண்டுகள். 385இல் பிரிஸ்கில்லியன் என்ற ஆயர் திரியர் நகரில் கிறிஸ்தவ ஆட்சியாளர் ஒருவரின் ஆணைப்படி கொல்லப்பட்டார். குற்றச்சாட்டு சூனியம், விடாமல் பின்தொடர்ந்து குற்றம் சாட்டியவர்கள் சக ஆயர்கள். தூர் நகரின் மார்ட்டின் போன்ற சிலர் வேண்டாம் என்று மன்றாடிப் பார்த்தார்கள், நடக்கவில்லை. தெர்த்துல்லியனின் வாதம் அதற்குப் பிறகு பல நூற்றாண்டுகள் தூசி படிந்து கிடந்தது.

அதைத் திரும்ப எடுத்தவர்கள் எல்லோரும் நாத்திகர்கள் என்று நினைத்துவிடாதீர்கள். மாசசூசெட்ஸிலிருந்து வெளியேற்றப்பட்டு 1636இல் பிராவிடன்ஸை நிறுவிய ரோஜர் வில்லியம்ஸ் அசாத்தியமான பக்திமான். அரசு தொட்டால் திருச்சபை கெட்டுப்போகும் என்பதுதான் அவருடைய பயம். கத்தோலிக்கத் திருச்சபை இந்த இடத்துக்கு வந்துசேர இன்னும் காலம் பிடித்தது. 1864இல் போப் ஒன்பதாம் பயஸ், திருச்சபையும் அரசும் பிரிந்திருக்க வேண்டும் என்ற கருத்தைப் பிழைகளின் பட்டியலில் சேர்த்தார். 1965 டிசம்பரில் கத்தோலிக்க ஆயர்களின் பேரவையான இரண்டாம் வத்திக்கான் சங்கம், சமய சுதந்திரம் மனித மாண்பிலேயே வேரூன்றிய உரிமை என்று அறிவித்தது. தெர்த்துல்லியன் சொன்னதற்கே சுற்றி வந்திருக்கிறார்கள். ஆகவே தோற்றது விசுவாசம் இல்லை. அரசின் கையைப் பிடித்தே நடக்கப் பழகிவிட்ட ஒரு திருச்சபைதான் தோற்றது. அதற்காக எனக்கு வருத்தம் எதுவும் இல்லை.

சரி, ரோமர் 13. அதை மட்டும் படிப்பவர்களிடம் வெளிப்படுத்தல் 13ஐயும் படிக்கச் சொல்லுங்கள். அங்கே அதே பேரரசு கடலிலிருந்து எழும்பும் மிருகமாக வருகிறது. அப்போஸ்தலர் 5:29 இருக்கவே இருக்கிறது: 'மனுஷருக்குக் கீழ்ப்படிகிறதைப்பார்க்கிலும் தேவனுக்குக் கீழ்ப்படிகிறதே அவசியமாயிருக்கிறது.' அரசு தேவையானது, ஆனால் அது கடவுள் இல்லை. இந்த இரண்டையும் சேர்த்துப் பிடிப்பதுதான் வேதத்தின் போக்கு. ஒன்றை விட்டால் மற்றது விஷமாகிறது.

எப்படி என்பதற்கு 1933ஆம் ஆண்டு ஜெர்மனியைப் பாருங்கள். ஏப்ரலில் யூதர்களை அரசுப் பணியிலிருந்து நீக்கும் சட்டம் வந்தது. ரோமர் 13ஐ ஓதியபடி ஏராளமான சபைகள் தலையாட்டின. அந்த மாதத்திலேயே, 27 வயது ஜெர்மன் இறையியலாளர் டீட்ரிக் போன்ஹோஃபர் ஒரு கட்டுரை எழுதினார். திருச்சபை அரசை நோக்கி மூன்று விதமாகச் செயல்படலாம் என்றார். அரசு செய்வது ஓர் அரசு செய்யத்தக்கதுதானா என்று கேட்கலாம். பாதிக்கப்பட்டவர்களுக்கு, அவர்கள் சபையைச் சேராதவர்களானாலும், உதவலாம். சக்கரத்தில் அடிபட்டவர்களுக்குக் கட்டுப்போடுவதோடு நிற்காமல், அந்தச் சக்கரத்தையே தடுத்து நிறுத்தலாம். உங்கள் கடிதத்தில் இருக்கிற 'தர்ம ஸ்தாபனம்' என்ற கவலைக்கு இதிலேயே பதில் இருக்கிறது: அது இரண்டாவது வழி, அதில் குறை ஒன்றும் இல்லை, அது மட்டுமே என்றால்தான் குறை. (அதே கட்டுரையில் யூதர்களைப் பற்றிய பழைய கிறிஸ்தவத் தப்பெண்ணமும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. நல்லவர்களின் எழுத்தைப் படிக்கும்போதும் கண்ணைத் திறந்தே வைத்திருக்க வேண்டும்.)

அடுத்த ஆண்டு, 1934 மே இறுதியில், நாஜிகளுக்குத் துணைபோன கிறிஸ்தவர்களை எதிர்த்து ஜெர்மனியின் பார்மென் நகரில் ஒரு விசுவாச அறிக்கை வந்தது. பெரும்பகுதியை எழுதியவர் இறையியலாளர் கார்ல் பார்த். மனித வாழ்வு முழுவதையும் அரசே ஆட்டிவைப்பதையும், திருச்சபை அரசின் ஓர் உறுப்பாக மாறுவதையும் அது மறுத்தது. துணிச்சலான ஆவணம், சந்தேகமே இல்லை. ஆனால் தேடிப் பாருங்கள், யூதர்களைப் பற்றி அதில் ஒரு வார்த்தை கிடையாது. கார்ல் பார்த்தே 1967இல் எழுதிய ஒரு கடிதத்தில் இதைத் தன் குற்றமாக ஒப்புக்கொண்டார். இந்த விஷயத்தில் என்னை அதிகம் உறுத்துவது இதுதான். திருச்சபை தன் சுதந்திரத்துக்காக அவ்வளவு அருமையாகப் பேசியது; பக்கத்து வீட்டுக்காரனுக்காகப் பேசவில்லை. உங்கள் சபை எந்தப் பொது விஷயத்தில் வாய் திறந்தாலும், இது யாருக்காக என்று முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். நம் நிலம், நம் நிறுவனம், நம் சலுகை என்றால் அதையும் கேட்கலாம்தான், குடிமக்களுக்கு உள்ள உரிமை அது. அதைத் தீர்க்கதரிசனம் என்று மட்டும் சொல்லிக்கொள்ளக் கூடாது.

வெளியே பேசுவதற்கு முன் உள்ளே பார்க்க வேண்டியதும் உண்டு. தென்னாப்பிரிக்காவின் டச்சு சீர்திருத்த திருச்சபை 1857இல் கூடிய சினடில் (திருச்சபையின் பேரவையில்), எல்லா இனத்தவரும் சேர்ந்து ஆராதிப்பதே வேதத்துக்கு ஏற்றது என்று ஒப்புக்கொண்டது. ஆனால் 'சிலருடைய பலவீனத்தின் காரணமாக' தனித்தனியாகவும் கூடலாம் என்று விட்டுக்கொடுத்தது. 1881இல் கலப்பினத்தவருக்கு என்று தனித் திருச்சபையே உருவாகிவிட்டது. அபார்தைட்டை, அதாவது இனவாரியாக மக்களைப் பிரித்து வைப்பதை, கொள்கையாகக் கொண்ட அரசு வந்தது 1948இல். திருவிருந்து மேசையில் பிரித்துப் பழகியதைத்தான் பிற்பாடு சட்டமாகவும் எழுதினார்கள், அதற்கு இறையியல் நியாயமும் அங்கிருந்தே போனது. அப்படிப் பிரிக்கப்பட்ட திருச்சபையே 1982இல் பெல்ஹார் அறிக்கை என்ற விசுவாச அறிக்கையை வரைந்து, இதை ஏற்க முடியாது என்றது. அதே ஆண்டு ஒட்டாவாவில் கூடிய உலக சீர்திருத்த திருச்சபைகளின் கூட்டமைப்பு, அபார்தைட்டுக்கு இறையியல் நியாயம் சொல்வது சமய விரோதம் என்று அறிவித்தது.

எந்த மொழியில் பேசுவது? வேத வசனம் மட்டும் போதாது, வேத வசனமே கூடாது என்றும் இல்லை. மார்ட்டின் லூதர் கிங் 1963இல் பர்மிங்ஹாம் சிறையிலிருந்து எழுதிய கடிதத்தில் பழைய இறையியலாளர்களான அகஸ்டினும் வருகிறார், அக்குவினாஸும் வருகிறார். கூடவே, ஒரு சட்டம் ஏன் அநீதியானது என்பதை விசுவாசமே இல்லாதவருக்கும் விளங்குகிற காரணங்களோடு சொல்கிறார்: பெரும்பான்மை தனக்குப் பொருந்தாத சட்டத்தைச் சிறுபான்மைமீது சுமத்துகிறது, அந்தச் சிறுபான்மைக்கோ வாக்குரிமையே இல்லை. கேட்பவர் ஆமென் சொல்லாமலேயே அதை ஏற்கலாம். சட்டமே வேதப்படி இருக்க வேண்டும் என்று கேட்கிற உங்கள் நண்பர்களுக்கு இந்தப் பொறுமை இல்லை. இன்னொரு மதத்தின் வேதப்படி சட்டம் வந்தால் தாங்கள் என்ன சொல்வோம் என்று அவர்கள் யோசித்துப் பார்க்கட்டும்.

கடைசியாக, பிரசங்க பீடத்திலிருந்து வாக்குக் கேட்பது. வேண்டாம். போதகர் ஒரு குடிமகனாகத் தன் கருத்தைத் தெருவில் சொல்லட்டும், அங்கே எதிர்த்துப் பேச முடியும். பீடத்துக்குக் கீழே உட்கார்ந்திருப்பவர் எழுந்து மறுக்க வழியில்லை. அதோடு, எதிர்க்கட்சிக்கு வாக்களித்தவரும் அதே ஞாயிற்றுக்கிழமை அதே அப்பத்தை வாங்க வருவார். அவரை என்ன சொல்லி வரவேற்பது என்று உங்கள் போதகரிடமே கேளுங்கள்.

அன்புடன்.